ராமல்லா: ஓர் ஊர்ப்பெயரும் அதன் ஒலிச் சாயல்களும்

ராமல்லா, பாலஸ்தீனத்தின் மேற்குக் கரையில், எருசலேமுக்கு வடக்கே ஏறத்தாழ 15 கிலோமீட்டர் தொலைவில் உள்ள மலைநகர். நடுப் பாலஸ்தீனத்தின் ஊடாக வடக்கு தெற்காக ஓடும் மலைத்தொடரின் முகட்டில், கடல் மட்டத்திலிருந்து சுமார் 880 மீட்டர் உயரத்தில் அது அமைந்திருக்கிறது. முகட்டின் ஒரு பக்கம் விழும் மழைநீர் மத்தியதரைக் கடலை நோக்கியும், மறுபக்கம் விழுவது யோர்தான் பள்ளத்தாக்கை நோக்கியும் வடிகிறது. வானம் தெளிந்த நாட்களில் மேற்கே கடற்கரைச் சமவெளியும் அதற்கப்பால் கடலும் தெரியும். கிழக்கில் அல்-பீரா என்ற இன்னொரு நகரம் அதை ஒட்டியே வளர்ந்து, இரண்டும் ஒரே ஊர்போலக் கலந்துவிட்டன. 2017-ஆம் ஆண்டு பாலஸ்தீன மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி ராமல்லாவில் மட்டும் 38,998 பேர் வாழ்ந்தனர். பாலஸ்தீன ஆணையத்தின் நிர்வாகத் தலைமையிடமாக இயங்குவதால், அளவில் சிறியதானாலும் உலகச் செய்திகளில் அடிக்கடி அடிபடும் பெயர் இது.

தமிழில் இப்பெயர் ராமல்லா என்றும் ரமல்லா என்றும் எழுதப்படுகிறது. அரபியில் முதல் உயிர் நெடில் என்பதால் ராமல்லா என்பதே மூலத்துக்கு நெருக்கம். இந்தப் பெயரைக் கேட்கும் தமிழ்ச் செவியில் வேறு பல பெயர்களும் உடன் ஒலிக்கின்றன: இராமன், அயோத்தியின் ராம்லல்லா, நோன்பு மாதமான ரமலான், இஸ்ரேலில் உள்ள ரம்லா நகரம், தமிழ் விவிலியத்தில் வரும் ராமா என்ற ஊர். இவற்றுள் ராமல்லாவோடு உண்மையான சொல்லுறவு கொண்டது விவிலியத்து ராமா ஒன்றுதான். மற்றவை வெவ்வேறு மொழிகளில் வெவ்வேறு வேர்களிலிருந்து கிளைத்து, ஒலியில் மட்டும் ஒத்துப்போனவை. எது உறவு, எது தற்செயல் என்று பிரித்தறிவதற்கு உறுதியான வழிகள் உண்டு. அந்த வழியில் சென்றால் பாலஸ்தீன மண்ணின் மூவாயிரம் ஆண்டு மொழி வரலாறும் உடன் விளங்கும்.

பெயரின் இரு கூறுகள்

அரபியில் இந்த ஊரின் பெயர் இரண்டு சொற்களாக எழுதப்படுகிறது: ராம், அல்லாஹ். இரண்டாவது சொல்லில் ஐயமில்லை. அது கடவுளைக் குறிக்கும் அரபுச் சொல். முதற்சொல்தான் ஆராய்ச்சிக்கு உரியது.

அரபு இலக்கணப்படி ர-வ-ம் என்ற வேர் விரும்புதல், நாடுதல் என்ற பொருளைத் தரும். ‘மராம்’ என்றால் நாடிய பொருள், குறிக்கோள். எனவே அரபு மட்டுமே அறிந்த ஒருவர் ராமல்லா என்பதைக் கடவுள் விரும்பியது என்று விளங்கிக்கொள்ள இடமிருக்கிறது. ஆனால் பாலஸ்தீனத்தில் அரபு பொதுமக்களின் பேச்சுமொழியாக வேரூன்றியது 7-ஆம் நூற்றாண்டுக்குப் பிந்திய சில நூற்றாண்டுகளில்தான். அதற்கு முன் பல நூறு ஆண்டுகள் அங்கே அரமேயம் பேசப்பட்டது. அதற்கும் முன் எபிரேயமும் அதற்கு இனமான கானானிய மொழிகளும் வழங்கின. இந்தப் பழைய மொழிகளில் இதே வேர் உயர்தல் என்ற பொருளைக் கொண்டது. எபிரேயத்தில் ‘ராம்’ என்றால் உயர்ந்த, ‘ராமா’ என்றால் மேட்டுநிலம். அரமேயத்திலும் ‘ராம்’ உயர்ந்ததையே குறிக்கும்.

ஆகவே ராமல்லா என்பதன் பொருள் கடவுளின் மேடு, அதாவது இறைவனின் உயர்நிலம். மேடு என்ற பழைய அரமேய-கானானியச் சொல் ஊர்ப்பெயராக நிலைத்துவிட்டது. பிற்காலத்தில் அரபு பேசிய மக்கள் அதனுடன் தம் மொழியில் கடவுளின் பெயரைச் சேர்த்தனர். ஊர் அமைந்திருக்கும் மலைமுகடு இந்தப் பொருளுக்கு நேரடிச் சான்று.

அல்லாஹ் என்ற சொல் இருப்பதால் இதை இஸ்லாமியப் பெயர் என்று கருதுவது பொருந்தாது. அரபு பேசும் கிறிஸ்தவர்கள் கடவுளைக் குறிக்கப் பயன்படுத்துவதும் இதே சொல்தான். அரபு விவிலியத்தில் கடவுள் ‘அல்லாஹ்’ என்றே அழைக்கப்படுகிறார். ராமல்லாவின் வரலாறே இதற்குத் தகுந்த எடுத்துக்காட்டு, ஏனென்றால் இன்றைய ஊரை நிறுவியவர்கள் கிறிஸ்தவர்கள்.

ஊர் உருவான வரலாறு

சிலுவைப்போர்க் கால ஆவணங்களில் ‘ரமாலி’ என்ற இடம் குறிக்கப்படுகிறது. அதை ராமல்லாவோடு அடையாளம் காண்பது ஆய்வாளர் வழக்கம். அந்த இடத்தில் சிலுவைப்போர்க் காலக் கட்டடமொன்றின் எச்சங்களும் உள்ளன. எனவே பெயர் இன்றைய ஊரைவிடப் பழையது.

இன்றைய ஊரின் தொடக்கம் 16-ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதி. யோர்தான் ஆற்றுக்குக் கிழக்கே கரக் பகுதியிலிருந்து ராஷித் அல்-ஹத்தாதீன் என்பவர் தம் குடும்பத்துடன் வந்து குடியேறினார் என்பது ஊர்க் குடும்பங்கள் வழிவழியாகச் சொல்லிவரும் வரலாறு. ஹத்தாத் என்றால் கொல்லர். ஹத்தாதீன் என்ற குலப்பெயர் அத்தொழிலைச் சுட்டுகிறது. ராஷிதின் மக்களிடமிருந்து கிளைத்த குடும்பங்கள் ஊரின் மூலக்குடிகளாக இன்றும் எண்ணப்படுகின்றன. உதுமானிய அரசின் 1596-ஆம் ஆண்டு வரிப்பதிவேட்டில் ராமல்லாவில் 71 கிறிஸ்தவக் குடும்பங்களும் 9 முஸ்லிம் குடும்பங்களும் பதிவாகியுள்ளன.

19-ஆம் நூற்றாண்டில் குவேக்கர் எனப்படும் நண்பர் சபையினர் இங்கே பள்ளிகள் தொடங்கினர். 1869-இல் பெண் கல்விக்கு இட்ட தொடக்கமும், 1901-இல் திறந்த ஆண்கள் பள்ளியும் ஊரின் கல்வி வரலாற்றில் முக்கியமானவை. 1908-இல் நகராட்சி அமைந்தது. அதே காலத்தில் அமெரிக்காவுக்குக் குடிபெயர்தல் பெருகி, அங்கே ராமல்லாக் குடும்பங்களின் பெரிய சமூகம் உருவானது. 1936-இல் பாலஸ்தீன வானொலி ஒலிபரப்பைத் தொடங்கியபோது அதன் ஒலிபரப்புக் கோபுரம் ராமல்லாவில்தான் நிறுவப்பட்டது. மலைமுகட்டில் அமைந்த ஊரின் உயரம், பெயருக்குக் காரணமானதுபோல இதற்கும் பயன்பட்டது.

1948-க்குப் பின் ராமல்லா யோர்தானின் ஆட்சியில் இருந்தது. 1967 ஜூன் போரில் இஸ்ரேல் அதைக் கைப்பற்றியது. ஓஸ்லோ உடன்படிக்கைகளின்படி 1995 இறுதியில் நகர நிர்வாகம் பாலஸ்தீன ஆணையத்திடம் வந்தது. 2002-இல் இஸ்ரேலியப் படை யாசர் அரஃபாத்தை முற்றுகையிட்ட முகாத்தா வளாகம் இந்நகரில்தான் உள்ளது. 2004-இல் இறந்த அரஃபாத் அங்கேயே அடக்கம் செய்யப்பட்டார். 2008-இல் மறைந்த கவிஞர் மஹ்மூத் தர்வீஷின் நினைவிடமும் இந்த நகரில்தான் இருக்கிறது.

ஒரே வேரில் பிறந்த ஊர்கள்

மலைநாட்டில் வாழ்ந்த மக்கள் தம் ஊரை மேடு என்று அழைப்பது இயல்பு. ஆகவே ராமா என்ற பெயரும் அதன் திரிபுகளும் பாலஸ்தீனம் முழுவதும் சிதறிக் கிடக்கின்றன.

இவற்றுள் முதன்மையானது அர்-ராம். எருசலேமுக்கு வடக்கே சுமார் 8 கிலோமீட்டரில், ராமல்லாவுக்குச் செல்லும் பாதையை ஒட்டி அமைந்த பாலஸ்தீன ஊர் இது. பென்யமீன் கோத்திரத்தின் நிலத்தில் இருந்ததாக விவிலியம் சொல்லும் ராமா இதுவே என்பது பரவலாக ஏற்கப்பட்ட கருத்து. இஸ்ரேல் அரசன் பாஷா, யூதாவின் வழியை அடைப்பதற்காக ராமாவுக்கு அரண் எழுப்பிய செய்தி அரசர்களின் வரலாற்று நூலில் வருகிறது. கி.மு. 6-ஆம் நூற்றாண்டில் பாபிலோனியர் எருசலேமை வீழ்த்தியபின், நாடுகடத்தப்படவிருந்த கைதிகளை ராமாவில் திரட்டியதை எரேமியாவின் நூல் குறிப்பிடுகிறது. தன் பிள்ளைகளுக்காக ராகேல் அழும் குரல் கேட்கும் இடமாக அந்நூல் சொல்வதும் இதே ஊரைத்தான். மத்தேயு நற்செய்தி அந்த வசனத்தை எடுத்தாள்வதால், தமிழ்க் கிறிஸ்தவர்களுக்கு ராமா என்ற ஊர் நன்கு பழகிய பெயர். 2000-களில் இஸ்ரேல் எழுப்பிய பிரிப்புச் சுவர் அர்-ராமை எருசலேமிலிருந்து துண்டித்துவிட்டது. பழைய ஊரின் பெயர் மட்டும் எழுத்தளவில்கூட அதிகம் மாறாமல் நிலைத்திருக்கிறது.

வடக்கே கலிலேயாவில் அர்-ராமா என்ற அரபு ஊர் உண்டு. மலைச்சரிவில் அமைந்து, ஒலிவத் தோப்புகளுக்குப் பெயர்பெற்ற அந்த ஊர், நப்தலி கோத்திரத்துக்கு உரியதென யோசுவாவின் நூல் பட்டியலிடும் ராமாவாகக் கருதப்படுகிறது. பாலஸ்தீனக் கவிஞர் சமீஹ் அல்-காசிமின் குடும்ப ஊர் அது. 2014-இல் அவர் அடக்கம் செய்யப்பட்டதும் அங்கேதான்.

தீர்க்கதரிசி சாமுவேலின் ஊர் விவிலியத்தில் ராமா என்றும் ராமதாயீம் என்றும் வருகிறது. ராமதாயீம் என்பது எபிரேய இரட்டை எண் வடிவம். பொருள் இரு மேடுகள். இது எந்த ஊர் என்பதில் நெடுங்காலமாகக் கருத்து வேறுபாடு உண்டு. அர்-ராம், நபி சம்வில், ராமல்லா ஆகியவை வெவ்வேறு காலங்களில் முன்மொழியப்பட்டன. 4-ஆம் நூற்றாண்டில் எழுதிய செசரியாவின் ஆயர் யூசேபியஸ், அதை மேற்கே லித்தா நகருக்கு அருகே வைத்தார். அந்த வழியில் இன்றைய ரந்தீஸ் என்ற ஊரைச் சுட்டுவோர் பலர். புதிய ஏற்பாட்டில் இயேசுவின் உடலை அடக்கம் செய்த யோசேப்பின் ஊரான அரிமத்தியா என்பதும் ராமதாயீமின் கிரேக்க வடிவமே. ராமாவும் அரிமத்தியாவும் செவிக்கு எட்டாத தூரத்தில் உள்ள ஒலிகள். ஆயினும் வேர் ஒன்று. ஒலி ஒப்புமையை மட்டும் நம்புபவர் இந்த உறவைக் கண்டுகொள்ள வழியில்லை.

யோர்தான் ஆற்றுக்குக் கிழக்கே, கீலேயாத் நாட்டிலுள்ள ராமோத் என்பது மேடுகள் என்ற பன்மை. இக்காலத்தில் இஸ்ரேலில் தோன்றிய பல குடியேற்றங்களும் நகர்களும் ராமத் என்ற முன்னொட்டுடன் பெயரிடப்பட்டன. 1921-இல் தோன்றிய ராமத் கான் என்பதற்குத் தோட்ட மேடு என்று பொருள். கோலான் மேட்டுநிலத்தின் எபிரேயப் பெயரும் ராமத் என்றே தொடங்குகிறது. ராமத் என்பது ராமா என்ற சொல் அடுத்த சொல்லோடு புணரும்போது பெறும் வடிவம்.

ஊர்களில் மட்டுமன்றி ஆட்பெயர்களிலும் இந்த வேர் வாழ்கிறது. ஆபிராம் என்றால் உயர்ந்த தந்தை. யோராம் என்றால் கர்த்தர் உயர்ந்தவர். சாலமோனின் ஆலயத்துக்குக் கேதுரு மரம் அனுப்பிய தீரு நகர அரசனின் பெயர் தமிழ் விவிலியத்தில் ஈராம் என்று வருகிறது. அதன் முழு வடிவம் அஹிராம், அதாவது என் உடன்பிறந்தான் உயர்ந்தவன். பிப்லோஸ் நகரில் 1923-இல் கிடைத்த அஹிராம் என்ற அரசனின் கல் சவப்பெட்டியில் பினீசிய எழுத்தில் இதே பெயர் பொறிக்கப்பட்டுள்ளது. அது பினீசிய எழுத்தில் நமக்குக் கிடைத்துள்ள மிகப் பழைய நீண்ட வாசகங்களில் ஒன்று. எபிரேயர், பினீசியர், அரமேயர் என்ற மூன்று மக்களும் இந்தச் சொல்லைப் பொதுச்சொத்தாக ஆண்டிருக்கின்றனர்.

மணல் நகரம்: ரம்லா

ராமல்லாவோடு மிக அதிகமாகக் குழப்பப்படும் பெயர் ரம்லா. ராமல்லாவுக்கு மேற்கே ஏறத்தாழ 30 கிலோமீட்டரில், கடற்கரைச் சமவெளியில், இன்றைய இஸ்ரேலில் உள்ள நகரம் அது. அரபியில் இப்பெயர் ர-ம்-ல் என்ற வேரிலிருந்து வருகிறது. ‘ரமல்’ என்றால் மணல். ராமல்லாவில் ல் என்ற மெய் அல்லாஹ் என்ற இரண்டாம் சொல்லுக்கு உரியது. ரம்லாவில் அது வேரின் மூன்றாம் மெய். முதல் உயிர் அங்கே நெடில், இங்கே குறில். ஒன்று மலைமேடு, மற்றது மணற்பாங்கான சமவெளி. எழுத்திலும் நிலத்திலும் இரண்டுக்கும் எந்த உறவும் இல்லை.

தோற்றத்திலும் இவை வேறானவை. ராமல்லாவின் பெயர் அரபுக்கு முந்திய மொழிகளிலிருந்து வந்தது. ரம்லாவோ அரபு பேசியவர்களே புதிதாக நிறுவிப் பெயரிட்ட நகரம். உமையா மரபின் சுலைமான் இப்னு அப்துல் மலிக், பாலஸ்தீன மாகாணத்தின் ஆளுநராக இருந்தபோது, 8-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அதை உருவாக்கினார். 715-இல் அவர் கலீஃபாவானார். பழைய லித்தாவுக்குப் பக்கத்தில் எழுந்த புதிய நகரம் விரைவில் அதன் இடத்தைப் பிடித்து மாகாணத் தலைநகராயிற்று. 789-இல் கட்டப்பட்ட வளைவுக் குளம் என்ற நிலத்தடி நீர்த்தேக்கமும், மம்லூக் காலத்தில் 1318-இல் எழுந்த வெள்ளைக் கோபுரமும் இன்றும் நிற்கின்றன. 10-ஆம் நூற்றாண்டின் புவியியலாளர் அல்-முகத்தஸி இந்நகரின் வளத்தையும் கனிகளையும் புகழ்ந்து எழுதினார். 1033, 1068 ஆண்டுகளின் நிலநடுக்கங்கள் அதைக் கடுமையாகச் சிதைத்தன.

இடைக்காலத்தில் ஐரோப்பாவிலிருந்து வந்த கிறிஸ்தவ யாத்திரிகர்கள் யாஃபா துறைமுகத்தில் இறங்கி எருசலேம் செல்லும் வழியில் ரம்லாவில் தங்கினர். ரம்லா, ராமா, ராமதாயீம், அரிமத்தியா என்ற ஒலி ஒப்புமையால் அதுவே யோசேப்பின் அரிமத்தியா என்று நம்பினர். விவிலியக் காலத்தில் இல்லாத நகரத்துக்கு விவிலியப் பெருமை இப்படித்தான் வந்து சேர்ந்தது. அரிமத்தியா யோசேப்பையும் நிக்கொதேமையும் போற்றும் பிரான்சிஸ்கன் தேவாலயம் அங்கே இன்றும் உள்ளது. செவி செய்த பிழை கல்லில் கட்டடமாக நிலைபெற்றதற்கு இது தெளிவான சான்று.

மணல் என்ற இந்த அரபுச் சொல் தொலைதூரங்களிலும் பரவியது. அலெக்சாந்திரியாவின் கடற்கரைப் பகுதி ரமல் எனப்படுகிறது. மால்டாவின் கோசோ தீவில் செம்மணல் கொண்ட கடற்கரைக்கு ரம்லா என்றே பெயர். ஸ்பெயினில் அரபு ஆட்சி நிலவிய காலத்தில் மணற்பாங்கான காட்டாற்றுப் படுகையை ‘ரம்லா’ என்றனர். அதுவே ஸ்பானிய மொழியில் ராம்ப்லா ஆனது. பார்சலோனா நகரின் புகழ்பெற்ற ராம்ப்லா வீதி முன்பு அத்தகைய நீரோடைப் படுகை. மணலில் புள்ளிகளிட்டுப் பலன் சொல்லும் அரபுக் கலையும் மணலின் பெயராலேயே அழைக்கப்பட்டு, ரமல் என்று இந்தியச் சோதிட நூல்களிலும் நுழைந்தது.

இரு ஊர்களும் சந்தித்த ஆண்டு

பெயரால் உறவில்லாத ராமல்லாவும் ரம்லாவும் வரலாற்றால் ஒருமுறை நெருங்கிப் பிணைந்தன. 1948 ஜூலையில் இஸ்ரேலியப் படைகள் லித்தாவையும் ரம்லாவையும் கைப்பற்றின. இரு நகரங்களிலும் இருந்த பாலஸ்தீன மக்கள் வெளியேற்றப்பட்டனர். அவர்களின் எண்ணிக்கை 50,000 முதல் 70,000 வரை எனக் கணிக்கப்படுகிறது. கோடை வெயிலில், தண்ணீரின்றி, குழந்தைகளையும் முதியவர்களையும் சுமந்துகொண்டு பெரும்பாலோர் கிழக்கே மலைநாட்டை நோக்கி நடந்தனர். பலர் வழியிலேயே இறந்தனர். தப்பியவர்களில் பெருந்தொகையினர் வந்தடைந்த இடம் ராமல்லா.

சில ஆயிரம் மக்கள் மட்டுமே வாழ்ந்த மலையூர் ஒரே வாரத்தில் அகதிகளால் நிறைந்தது. 1949-இல் அமைந்த அல்-அம்அரி முகாமில் லித்தா, ரம்லா, யாஃபா ஆகிய ஊர்களிலிருந்து வந்தோர் குடியேறினர். கிறிஸ்தவர்கள் பெரும்பான்மையாக இருந்த ராமல்லாவின் சமூக அமைப்பு அந்த ஆண்டு தொடங்கி மாறியது. ரம்லாக் குடும்பங்களின் பிள்ளைகள் ராமல்லாவில் பிறந்து வளர்ந்தனர். மணல் நகரத்து மக்கள் மேட்டு நகரத்து மக்களானது சொல்லாராய்ச்சியால் விளக்கக்கூடியதன்று; ஆனால் இவ்விரு பெயர்களையும் ஒன்றாக எண்ணிவிடக் கூடாது என்பதற்கு இதைவிட வலுவான காரணம் இல்லை. ஒன்று இழந்த ஊர், மற்றது அடைக்கலம் தந்த ஊர்.

ரமலான்

ரமலான் என்ற தமிழ் வடிவம் ராமல்லாவை இன்னும் நெருக்கமாக நினைவூட்டுகிறது. ஆனால் இந்த ல் என்ற ஒலி அரபு மூலத்தில் இல்லை. மாதத்தின் பெயர் ர-ம்-ளாத் என்ற வேரிலிருந்து வருகிறது. ளாத் என்பது அரபுக்கே உரிய அழுத்தமான மெய்யெழுத்து. அந்த வேரின் பொருள் கடும் வெப்பம்; வெயிலில் காய்ந்து சுடும் தரையைக் குறிக்கும் சொல்லும் அதிலிருந்தே பிறந்தது. மாதங்களுக்குப் பெயரிட்ட காலத்தில் அது வேனிலில் வந்திருக்கலாம் என்பது பழைய அரபு அறிஞர் பலரின் விளக்கம். தூய சந்திர நாட்காட்டியில் மாதம் ஆண்டுதோறும் முன்னகர்வதால், இன்று ரமலான் எல்லாப் பருவங்களிலும் வருகிறது.

இந்த மெய் ஒவ்வொரு மொழியிலும் வெவ்வேறாகத் திரிந்தது. பாரசீகத்திலும் உருதுவிலும் அது ஸகர ஒலியாகி ரம்ஸான் ஆனது. தமிழில் வழங்கும் ரம்ஜான் அந்த வழியில் வந்தது. தமிழ் முஸ்லிம்களின் மார்க்க வழக்கிலோ அது லகரமாகவோ ளகரமாகவோ ஒலித்து ரமலான், ரமளான் ஆயிற்று. தொழுகைக்கு முன் கைகால் கழுவுவதை ஒளு என்பதும் இதே மெய்யின் திரிபு. இது வெறும் பிழையான உச்சரிப்பு அன்று. 8-ஆம் நூற்றாண்டின் இலக்கண அறிஞர் சீபவைஹி, நாவின் பக்கவாட்டில் பிறக்கும் ஒலியாகவே இதை விவரித்தார். நீதிபதியைக் குறிக்கும் அரபுச் சொல் ஸ்பானிய மொழியில் அல்கால்தே என்று லகரத்துடன் நுழைந்ததும் அந்தப் பழைய உச்சரிப்பின் தடயம். தமிழ் முஸ்லிம்களின் ரமலான் ஒரு பழமையான அரபு ஒலியின் சாயலைக் காத்து வைத்திருக்கிறது. அதே காரணத்தால்தான் அது தற்செயலாக ராமல்லாவை ஒத்து ஒலிக்கிறது.

இராமனும் ராம்லல்லாவும்

ராமல்லா என்பதை ராம், அல்லாஹ் என்று பிரித்ததும், இராமனின் பெயரும் இறைவனின் அரபுப் பெயரும் இணைந்தது என்ற எண்ணம் இந்திய மனத்தில் எளிதில் எழுகிறது. அயோத்தியின் குழந்தை இராமனைக் குறிக்கும் ராம்லல்லா என்ற இந்திச் சொல் ஒலியில் இன்னும் நெருக்கமானது. அங்கே லல்லா என்பது செல்லக் குழந்தை என்று பொருள்படும் தனிச்சொல். அதற்கும் அரபுக்கும் தொடர்பில்லை.

இராமன் என்ற பெயர் வடமொழியில் மகிழ்தல், இளைப்பாறுதல், நிலைகொள்ளுதல் என்ற பொருள்களைத் தரும் ‘ரம்’ என்ற வினையோடு இணைக்கப்படுகிறது. இரமணன் என்ற பெயரும், சோலையைக் குறிக்கும் ஆராமம் என்ற சொல்லும் அதே வினையில் பிறந்தவை. வேத மொழியில் ராம என்ற சொல்லுக்குக் கருநிறம் என்ற பொருளும் உண்டு. இந்த வேர் பாரசீகத்திலும் வாழ்கிறது: அங்கே ஆராம் என்றால் அமைதி, ராம் என்றால் சாந்தமான, பழகிய. ஈரானின் கூஸிஸ்தான் மாகாணத்தில் ராம்ஹோர்மோஸ் என்ற பழைய நகரம் உள்ளது. சசானிய அரசர் முதலாம் ஹோர்மிஸ்துவின் பெயரோடு அது இணைக்கப்படுகிறது. ஹோர்மிஸ்து என்பதே அஹுர மஸ்தா என்ற இறைப்பெயரின் பிற்கால வடிவம். ராம் என்ற சொல்லும் இறைப்பெயரும் சேர்ந்த அமைப்பில் அது ராமல்லாவின் இரட்டைபோலத் தோன்றும். எனினும் அந்த ராம் இந்தோ-ஈரானிய வேருக்கு உரியது. பாலஸ்தீனத்து ராம் செமித்திய வேருக்கு உரியது. இவ்விரண்டும் வெவ்வேறு மொழிக்குடும்பங்கள். ஒன்றில் அமைதி, மற்றதில் உயரம்.

தமிழ் விவிலியம் எபிரேய ஊர்ப்பெயரை ராமா என்று எழுதுவதால் இராமாயணத்தோடு அதைத் தொடர்புபடுத்தத் தோன்றுவதும் இதே வகைத் தற்செயல்தான். மனித வாய் எழுப்பக்கூடிய ஒலிகள் எண்ணிக்கையில் குறைவு; உலகில் மொழிகளோ ஆயிரக்கணக்கில். ர, ம என்ற எளிய மெய்கள் பல மொழிகளில் பல பொருளில் சேர்ந்து வருவது வியப்புக்குரியதன்று.

உறவை அறியும் முறை

ஊர்ப்பெயர் ஆய்வு இக்குழப்பங்களைத் தீர்க்க நான்கு சான்றுகளை ஒருசேர நாடுகிறது. முதலாவது வேர்மெய்கள். செமித்திய மொழிகளில் சொல்லின் அடிப்படைப் பொருளை மெய்களே தாங்குகின்றன. உயிர்கள் இலக்கண வடிவத்தை உணர்த்துகின்றன. எனவே ர-வ-ம், ர-ம்-ல், ர-ம்-ளாத் என்பவை கேட்க நெருங்கியிருந்தாலும் வேறு வேறு வேர்கள். விலக்கப்பட்டது என்று பொருள்படும் ஹராம் என்ற சொல்லில் ராம் ஒலித்தாலும், அதன் வேர் ஹ என்ற தொண்டை மெய்யில் தொடங்குவதால் அதற்கும் இவற்றுக்கும் உறவில்லை. இரண்டாவது, பெயரிட்ட மக்கள் பேசிய மொழி. மூன்றாவது, நிலத்தின் இயல்பு. நான்காவது, மிகப் பழைய எழுத்துப் பதிவு.

இம்முறையைப் பாலஸ்தீனத்தில் விரிவாகக் கையாண்டவர்களில் முன்னோடி அமெரிக்க அறிஞர் எட்வர்ட் ராபின்சன். அரபு நன்கறிந்த ஈலை ஸ்மித் என்ற மதப்பணியாளருடன் 1838-இல் அவர் பயணம் செய்தார். நகரத்துத் துறவிகள் யாத்திரிகர்களுக்குக் காட்டிய இடங்களை நம்புவதைவிட, கிராமத்து மக்கள் தங்கள் ஊர்களையும் குன்றுகளையும் எப்படி அழைக்கிறார்கள் என்று கேட்டறிவதே உறுதியான வழி என்று கண்டார். அர்-ராம் பழைய ராமா என்பதும், ராமல்லாவுக்கு வடகிழக்கே உள்ள பெய்த்தீன் விவிலியத்துப் பெத்தேல் என்பதும் அவ்வாறு நிறுவப்பட்டன. பெத்தேல் என்றால் கடவுளின் வீடு. இறுதி லகரம் அரபு வாயில் னகரமாகிப் பெய்த்தீன் ஆனது. யெஸ்ரயேல் என்பது ஸிர்ஈன் ஆனதும் அதே ஒலிமாற்றத்தால்தான். ஒலி ஒத்தது என்பதோடு நில்லாமல், ஒழுங்கான மாற்றமாக விளக்கத்தக்கது என்பதே இங்கே சான்றின் வலிமை. 1871 முதல் 1877 வரை பிரிட்டனின் பாலஸ்தீன ஆய்வு நிதியம் மேற்குப் பாலஸ்தீனம் முழுவதையும் அளந்து ஆயிரக்கணக்கான பெயர்களை அரபு எழுத்தில் பதிவு செய்தது.

இந்தப் பழம்பெயர்கள் நூற்றாண்டுகள் கடந்து நிலைத்ததற்குக் காரணம், நிலத்தில் தொடர்ந்து வாழ்ந்த உழவர்களின் நாக்கு. ஆட்சிகள் மாறின, மொழி அரமேயத்திலிருந்து அரபுக்கு மாறியது, மதங்கள் மாறின. ஊரின் பெயரை அவர்கள் கைவிடவில்லை. எபிரேய ராமத்தும் அரபு ராமும் ஒரே சொல்லின் இரு வடிவங்கள் என்பதால், இப்பெயரை ஒரு மக்களுக்கு மட்டும் உரியதென்று எவரும் வேலியிட முடியாது. அதே நேரத்தில், 1948-இல் நானூறுக்கும் மேற்பட்ட பாலஸ்தீன ஊர்கள் மக்களை இழந்தபோது, அவர்கள் நாவில் மட்டும் வழங்கிய எண்ணற்ற வயல், ஓடை, குன்றுப் பெயர்களும் வழக்கொழிந்தன. எழுதிவைத்த பட்டியல்கள் பெயரைக் காக்கும்; அதன் உச்சரிப்பையும் அது சுட்டிய நிலத்தையும் காப்பது அங்கே வாழும் மக்கள்.

ராமல்லா என்ற பெயரில் நான்கு சான்றுகளும் ஒருமிக்கின்றன. வேர்மெய்கள் உயரத்தைக் குறிக்கின்றன. பெயரின் முற்பகுதி அரமேய, கானானிய மொழிகளுக்கும், பிற்பகுதி அரபுக்கும் உரியது. ஊர் மலைமுகட்டில் நிற்கிறது. சிலுவைப்போர்க் கால ரமாலியும் உதுமானியப் பதிவேடும் பெயரின் தொடர்ச்சியைக் காட்டுகின்றன. ரம்லாவுக்கு மணலும், ரமலானுக்கு வெப்பமும், இராமனுக்கு மகிழ்ச்சியும் பொருள் என்பதும் அவ்வாறே தத்தம் மொழியிலும் வரலாற்றிலும் உறுதிப்படுகின்றன. ஒவ்வொரு பெயரையும் அதைச் சூட்டிய மக்களின் மொழியில் வைத்துப் படிப்பதே அந்த மக்களுக்கும் அவர்கள் மண்ணுக்கும் செய்யும் நியாயம்.